அம்மா அமர்ந்த தரை

எங்கள் இல்லத்துப் பூஜை அறைக்கு முதன்முறையாக வருகின்ற அன்பர்கள் அனைவரும் ஒரே செயலைச் செய்வதைக் கண்டிருக்கிறேன். வாசற்படியைத் தாண்டியதும் குனிந்து தரையை நோக்குவார்கள். "பலகைத் தரையா? இந்தக் காலத்தில் இவ்வளவு மரத்துக்கு எங்கே போனீர்கள்?" என்று வியப்பார்கள். சுவாமியை வணங்கிவிட்டு உட்காரும்போது உள்ளங்கையைத் தரையில் ஊன்றுவார்கள். உடனே முகம் மாறும். "சிமெண்ட் அல்லவா இது!" என்பார்கள்.

ஆம், சிமெண்ட் தரைதான். பத்தடி நீளமும் எட்டடி அகலமும் கொண்ட அந்த அறையில் காணப்படும் 16 பலகைகளும் வண்ணத்தால் எழுதப்பட்டவை. 32 ஆண்டுகள் பள்ளியில் ஓவிய ஆசிரியனாகப் பணியாற்றிய அடியேனின் கை எழுதியவை. வந்தவர்கள் கைத்திறனைப் பாராட்டுவார்கள். நான் பதில் கூறாமல் தலையசைத்துவிடுவேன். அந்தத் தரை எழுதப்பட்ட காரணம் பாராட்டுக்கு உரியதன்று. அதை இன்று இந்த இதழின் வாசக அன்பர்கள் முன் மறைக்காமல் சொல்லிவிடுவது என்று துணிந்தேன்.

எங்கள் பூர்விக இல்லம் தென்காசிக்கு அருகே ஒரு சிற்றூரில் இருந்தது. ஆனியிலும் ஆடியிலும் குற்றாலத்துச் சாரல் எங்கள் முற்றம் வரை வந்து விழும். கூடத்துக்கு மேலே ஒரு மச்சு. கனத்த உத்தரங்களின் மேல் பலாமரப் பலகைகளைப் பாவிய தட்டு அது. பலாப் பலகை புதிதாக இருக்கையில் மஞ்சள் நிறமாக இருக்கும். ஆண்டுகள் செல்லச் செல்லப் பழுப்பேறி, பிறகு தேன்பாகு போன்ற நிறத்தை அடையும். என் பாட்டனார் காலத்தில் பாவிய பலகைகள் ஆதலால், எனக்கு நினைவு தெரிந்தபோதே அவை நன்கு முதிர்ந்த நிறத்தில் இருந்தன.

அந்த மச்சின் கீழ்த்திசை மூலையில்தான் அம்மாவின் சிவபூஜை. விடியற்காலையில் நீராடி, திருநீறணிந்து, படியேறிச் செல்வார். விளக்கேற்றிப் பூச்சாத்திவிட்டு, வெறும் பலகைத் தட்டிலே சம்மணமிட்டு அமர்ந்து திருமுறை ஓதுவார். திருஞானசம்பந்தப் பெருமான் குற்றாலத்துக்கு ஒரு பதிகமும், அத்தலத்துக் குறும்பலாவுக்குத் தனியே ஒரு பதிகமும் அருளியிருக்கிறார் அல்லவா? குறும்பலாப் பதிகத்தை ஓதாமல் அம்மா ஒரு நாளும் இறங்கி வந்ததில்லை. இறைவன் பலாமரத்தையே தன் இடமாகக் கொண்ட தலத்துக்கு அருகில், பலாப் பலகையின்மேல் அமர்ந்து அப்பதிகத்தை ஓதுவதில் அவருக்கு ஒரு நிறைவு இருந்தது. கீழே கூடத்தில் படித்துக்கொண்டிருக்கும் எங்களுக்கு அந்தக் குரல் பலகைகளின் ஊடே இறங்கி வரும்.

தந்தையார் சிவபதம் அடைந்தபின் அம்மா அவ்வீட்டில் ஆறு ஆண்டுகள் தனியே வாழ்ந்தார். நான் திருநெல்வேலியில் பணி; அண்ணன் வெளியூரில்; தங்கை சங்கரன்கோவிலில். அந்த ஆறாம் ஆண்டின் இறுதியில் வீட்டை விற்றோம்.

விற்றோம் என்று பன்மையில் கூறுவது வசதியாக இருக்கிறது. உண்மையில் அதை விற்கத் தூண்டியவன் நான். என் மகளின் திருமணத்துக்கு வாங்கிய கடன் வட்டியோடு வளர்ந்து என்னை அழுத்திக்கொண்டிருந்தது. அதை அம்மாவிடம் சொல்ல என் வாய் எழவில்லை. படித்து, அரசுச் சம்பளம் வாங்கி, ஊராரிடம் பெயர் பெற்ற மகன், தாயின் முன்னால் சென்று "கடனில் இருக்கிறேன்" என்று நிற்பதா என்ற அகந்தை. ஆகவே வேறொன்று சொன்னேன். தெற்குப் பக்கத்து உத்தரம் ஒன்றில் கறையான் பிடித்திருந்தது. அதைக் கையில் எடுத்துக்கொண்டேன். "உத்தரமெல்லாம் உள்ளே மாவாகிவிட்டது; மச்சு எந்த நேரமும் விழும்; இனி இந்த வீட்டில் இருப்பது ஆபத்து" என்றேன். அண்ணனும் நம்பினார், தங்கையும் நம்பினாள். அம்மா என் முகத்தைச் சற்று நேரம் பார்த்திருந்தார். பிறகு பத்திரத்தில் கையெழுத்திட்டார்.

திருநெல்வேலி வீட்டில் அம்மாவுக்கென்று ஓர் அறையைப் பூஜைக்கு ஒதுக்கினோம். முன்பு சாமான்கள் போட்டு வைத்திருந்த அறை. சாதாரண சிமெண்ட் தரை. சுவாமி படங்களும் விளக்கும் அதே வரிசையில் வைக்கப்பட்டன. அம்மாவும் அதே நேரத்தில் எழுந்து நீராடி வந்தார். ஆனால் நின்றபடியே பூச்சாத்தி, நின்றபடியே கற்பூரம் காட்டிவிட்டு வெளியே வந்துவிட்டார். உட்காரவில்லை. ஓதவில்லை. மறுநாளும் அப்படியே. என் மனைவி மணைப் பலகை ஒன்றைக் கொண்டுபோய் வைத்தாள். "இருக்கட்டும்மா" என்றாரேயன்றி அதில் அமரவில்லை. 85 வயதில் முழங்கால் வலிக்கும் என்று முதலில் எண்ணினோம். ஆனால் சாப்பிடுவதற்கு அதே மணையில் தரையில்தான் அமர்ந்தார். ஒரு மாதம், இரண்டு மாதம், நான்கு மாதம். எங்கள் வீட்டில் குறும்பலாப் பதிகம் ஒலிக்கவே இல்லை.

அம்மாவின் நெஞ்சம் அந்த மச்சுத் தட்டுக்காக ஏங்குகிறது என்று நானே முடிவு செய்துகொண்டேன். மரத்தரை போடுவதென்றால் கையில் பொருள் இல்லை. அப்போதுதான் எனக்குள் இருந்த ஓவிய ஆசிரியன் விழித்துக்கொண்டான். பலகையை வாங்க முடியாதவன் பலகையை எழுதலாமே! அம்மாவின் கண்களோ இரண்டிலும் புரை நீக்கியும் மங்கல்தான். காலையில் விளக்கொளியில் பார்த்தால் பழைய மச்சு என்றே தோன்றும். அவர் அமர்வார், ஓதுவார். இப்படி எண்ணினேன். மீண்டும் ஒருமுறை தாயை ஏமாற்றுவதற்கே வழி தேடுகிறேன் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

ஐப்பசி மாதம். வெளியே அடைமழை. அவசரம் என்னை உந்த, கடையில் எண்ணெய் வண்ணம் வாங்கி வந்து, தரையைத் துடைத்துவிட்டு நேரே பூசினேன். கோடுகள் இழுத்து, பழுப்பு நிறத்தில் ரேகைகள் தீட்டினேன். ஒரு வாரம் அழகாகத்தான் இருந்தது. பிறகு அங்கங்கே கொப்புளங்கள் எழும்பின. சில இடங்களில் வண்ணம் பிசுபிசுத்துக் காலோடு ஒட்டி வந்தது. தைப்பூசத்துக்குள் தரை முழுவதும் சொறி பிடித்ததுபோல் ஆகிவிட்டது. அம்மா ஒன்றும் கேட்கவில்லை. உரிந்த இடங்களை மிதிக்காமல் ஓரமாக நின்று விளக்கேற்றிவிட்டுப் போனார்.

என்னிடம் பள்ளியில் ஓவியம் பயின்ற மாணவர் ஒருவர் இப்போது வீடுகளுக்கு வண்ணம் பூசும் தொழிலைச் செய்கிறார். அவரை அழைத்துக் காட்டினேன். தரையைச் சுரண்டிப் பார்த்தவர், "சார், எங்களுக்கு நீங்கதானே சொல்லிக் கொடுத்தீங்க, முதலில் பரப்பைப் பார்க்கணும், அப்புறம்தான் தூரிகையைத் தொடணும்னு?" என்றார். தலைகுனிந்து கேட்டுக்கொண்டேன். அவர் விளக்கியது இது. சிமெண்டுக்குள் காரத்தன்மை உண்டு. அடியிலிருந்து ஈரம் மேலே ஏறும்போது அந்தக் காரமும் உடன் வரும். எண்ணெயும் காரமும் கூடினால் சோப்புத்தானே? அதுபோலவே எண்ணெய் வண்ணமும் இளகி, பிசுபிசுத்து, விட்டுப்போகும். அன்றியும், பல காலம் சாமான்களோடு கிடந்த தரையில் எண்ணெயும் மெழுகும் படிந்திருந்தால் வண்ணம் பற்றாது. "தரை எதை உள்ளே வச்சிருக்குன்னு தெரியாம மேலே என்ன பூசினாலும் நிக்காது சார்" என்றார். அவர் தரையைப் பற்றித்தான் சொன்னார். எனக்கு அன்றிரவு உறக்கம் வரவில்லை.

மாசியில் மழையின் ஈரம் முற்றும் நீங்கியபின் மீண்டும் தொடங்கினோம். அம்மாவைச் சில வாரங்கள் தங்கையின் வீட்டுக்கு அனுப்பிவைத்தேன். பழைய வண்ணம் முழுவதையும் சுரண்டி எடுத்தோம். ஒன்றரை அடிச் சதுரத்தில் பிளாஸ்டிக் தாள் ஒன்றைத் தரையில் விரித்து, நான்கு ஓரமும் காற்றுப் புகாதபடி ஒட்டுநாடாவால் ஒட்டி, மறுநாள் எடுத்துப் பார்த்தோம். தாளின் அடியில் நீர்த்துளி இல்லை, தரையும் கறுக்கவில்லை. ஈரம் இல்லை என்று தெரிந்தது. பிறகு அமிலத்தை நீரில் கலந்து தேய்த்துக் கழுவினார். நீரில்தான் அமிலத்தை ஊற்றவேண்டும், அமிலத்தில் நீரை ஒருபோதும் ஊற்றக்கூடாது என்று எச்சரித்து, என்னை அறைக்கு வெளியே நிறுத்திவிட்டு, சன்னல்களைத் திறந்துவைத்துச் செய்தார். சலவைச் சோடா கலந்த நீரால் அலசி, மறுபடி நல்ல நீரால் கழுவி, சில நாள் காயவிட்டோம். அதன்பின் ஒரு துளி நீரை விட்டால் தரை உடனே உறிஞ்சியது. "இப்ப இது வாங்கிக்கும் சார்" என்றார்.

காரத்தைத் தாங்கும் பிரைமர் ஒரு பூச்சு. அதன்மேல் இளம் மஞ்சள் கலந்த மணல் நிறம் இரண்டு பூச்சு. அது உலர்ந்தபின், சுண்ணாம்புப் பொடி தடவிய நூலை இருபுறமும் இழுத்துப் பிடித்துத் தெறித்து, ஆறு அங்குலத்துக்கு ஒரு கோடாக 16 பலகைகளைப் பிரித்தோம். பலகைகளின் தலைப்புகள் ஒரே நேர்க்கோட்டில் வராமல் முன்னும் பின்னுமாக அமைத்தேன். தச்சர்கள் அப்படித்தான் பாவுவார்கள். இனி ரேகை எழுதவேண்டும். நீர்க்கப் பழுப்பு வண்ணத்தை ஒரு பலகையின் அளவுக்குப் பூசி, அது உலர்வதற்குள் பல் உடைத்த சீப்பையும், மயிரை ஒட்ட வெட்டிய பழைய தூரிகையையும் கொண்டு நீளவாட்டில் இழுப்பேன். வளையங்கள் வெட்டிய வளைந்த ரப்பர்க் கட்டை ஒன்று உண்டு. அதை மெல்ல ஆட்டிக்கொண்டே இழுத்தால், மரத்தின் நடுவயிறு அறுபட்ட இடத்தில் தோன்றும் நீள்வட்ட ரேகைகள் எழும். ஒன்றுவிட்டு ஒன்றாகப் பலகைகளை முடித்து, அவை உலர்ந்தபின் இடையில் உள்ளவற்றை எழுதினால் ஓரங்கள் கலங்காமல் தனித்தனியே நிற்கும். அங்கங்கே ஒரு கணுவும் வைத்தேன்.

இவ்வளவும் நடந்துகொண்டிருக்கையில் நெல்லையப்பர் சந்நிதியில் என்னோடு திருமுறை ஓதும் பெரியவர் ஒருவர் வீட்டுக்கு வந்தார். தரையைப் பார்த்துவிட்டு, "பூஜை அறையிலா பொய்த்தரை?" என்று கேட்டார். திருமூலர் காட்டிய மர யானையை எடுத்துக்கூறினார். யானை என்று பார்த்தால் மரம் மறைந்துவிடுகிறது. மரம் என்று பார்த்தால் யானை மறைந்துவிடுகிறது. அதுபோல உலகைக் காண்பவனுக்குப் பரம்பொருள் மறைந்துவிடுகிறது. "மறைப்பை நீக்கவேண்டிய இடத்திலே நீங்கள் ஒரு மறைப்பைப் போடுகிறீர்கள்" என்றார். அவர் கடிந்து சொல்லவில்லை, அன்பாகத்தான் சொன்னார். எனினும் அச்சொல் முள்ளாகத் தைத்தது. கடைசியில் பூசவேண்டிய பளபளப்புப் பூச்சைப் பூசாமல் இரண்டு நாள் வாளாவிருந்தேன்.

அந்த இரண்டாம் நாள் மாலையில், சொல்லாமல் கொள்ளாமல் அம்மா வந்து சேர்ந்தார். பேரன் வண்டியில் அழைத்து வந்திருந்தான். பிரதோஷத்துக்குத் தம் விளக்கின் முன் இருக்கவேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாராம். கால் கழுவித் துடைத்துக்கொண்டு நேரே அறைக்குச் சென்றார். நான் பின்னால் ஓடினேன்.

வாசலில் நின்று சற்றுநேரம் பார்த்தார். என் நெஞ்சு அடித்துக்கொண்டது. பிறகு உள்ளே ஓரடி எடுத்து வைத்தார். இன்னும் ஓரடி. நின்றார்.

"எய்யா, கண்ணுதானே மங்கிப் போச்சு. காலு மங்கலையே. மரம்னா காலை வாங்கிக்கிடும். இது சில்லுன்னு தள்ளுது" என்றார்.

உண்மைதான். மரம் வெப்பத்தை மெல்லவே கடத்தும். ஆதலால் பாதத்தின் சூட்டை உடனே பறிக்காது. சிமெண்ட் பறித்துவிடும். கண்ணை ஏமாற்றக் கற்ற எனக்குப் பாதத்தைப் பற்றிய நினைவே எழவில்லை.

"நீயா எழுதுனே?"

"ஆமாம்மா."

சுவரைப் பிடித்துக்கொண்டு மெதுவாகக் குனிந்து ஒரு கணுவைத் தடவிப் பார்த்தார். "நல்லாத்தான் எழுதியிருக்கே. ஆனா இது இங்க கிடையாது. பெரிய கணு வடக்க, தூணுக்குப் பக்கத்தில. அதுக்கு இந்தப் பக்கம் மூணாவது பலகையில எண்ணெய்க் கறை. உன் தங்கச்சி மூணு வயசுல விளக்கைத் தட்டிவிட்டா, ஞாபகம் இருக்கா? சுவரோரப் பலகையில உலக்கை விழுந்த பள்ளம். உங்க அண்ணன் தூக்கிப் பார்க்கேன்னு தூக்கிப் போட்டான்" என்று சொல்லிக்கொண்டே போனார். 60 ஆண்டுகள் அமர்ந்த தட்டின் ஒவ்வொரு பலகையும் அவருக்கு மனப்பாடமாக இருந்தது. தெற்குச் சுவர்ப்பக்கம் வந்ததும் நின்றார்.

"இதுக்கு நேர் கீழதான் கறையான் பிடிச்ச உத்தரம். அது ஒண்ணுதான்."

நான் பேசாமல் நின்றேன்.

"ஒண்ணுதான் எய்யா. மத்ததெல்லாம் தட்டிப் பார்த்தேன். கல்லு மாதிரி இருந்துது."

எனக்குக் கால்கள் தளர்ந்தன. அந்த எழுதிய தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். கடனைச் சொன்னேன். எவ்வளவு, எதற்கு, எத்தனை நாளாக என்று அனைத்தையும் சொன்னேன். 63 வயதில் தாயின் முன் சிறுவனைப்போல் அழுதேன். அம்மா என் தலையைத் தொட்டார்.

"பணமுடைன்னு சொல்லியிருந்தாலும் கையெழுத்துப் போட்டிருப்பேனே. பேத்தி கல்யாணத்துக்குத்தானே? வீடு என்ன, நாம கொண்டா போகப் போறோம்? நீ எங்கிட்ட ஏன் சொல்லலைன்னு நினைச்சு நினைச்சு, உக்காந்தா பாட்டு வரலை. மனசு அங்கயே போய் நிக்குது. அதான் நின்னுக்கிட்டே கும்பிட்டேன்."

இத்தனை மாதங்களாக அம்மா ஏங்கியது மரத்துக்காக அன்று என்பது அப்போதுதான் விளங்கியது. அவர் ஏங்கியது என் வாயிலிருந்து ஓர் உண்மைச் சொல் வரவேண்டும் என்பதற்காக.

சிறிது நேரம் கழித்து, பெரியவர் கூறிய மர யானையையும் பொய்த்தரையையும் சொல்லி, "இதை அழித்துவிடட்டுமா அம்மா?" என்று கேட்டேன்.

"எதுக்கு அழிக்கணும்? குற்றாலத்துச் சித்திர சபையில நடராசர் எதுல இருக்கார்? சுவத்துல எழுதின சித்திரம்தானே? அதுக்குத்தானே திருவாதிரைக்குத் தீபாராதனை காட்டுதாங்க? எழுதினது பொய்யின்னு யாரு சொன்னா? மறைக்கதுக்கு எழுதினாத்தான் பொய்யி. நினைக்கதுக்கு எழுதினா அது பொய்யா?" என்றார்.

ஐம்பெரும் சபைகளில் திருவாலங்காட்டில் இரத்தின சபை, தில்லையில் பொற்சபை, மதுரையில் வெள்ளி சபை, எங்கள் நெல்லையில் தாமிர சபை என்று சொல்லிவிட்டுக் குற்றாலத்துக்கு வரும்போது சித்திர சபை என்கிறோம். பொன்னும் மணியும் வெள்ளியும் செம்பும் சொல்லிய வரிசையில் வண்ணத்துக்கும் ஓர் இடம் தந்திருக்கிறான் இறைவன். ஆண்டுகள் பல ஓவியம் கற்பித்த எனக்கு அது தோன்றவில்லை. எழுத்துக்கூட்டித் திருமுறை படிக்கக் கற்ற அம்மாவுக்குத் தோன்றியது.

அடுத்த இரண்டு நாள்கள் அம்மா நாற்காலியில் அமர்ந்து சொல்லச் சொல்ல, நான் எழுதினேன். பெரிய கணு வடக்கே போயிற்று. மூன்றாம் பலகையில் எண்ணெய்க் கறை வந்தது. உலக்கைப் பள்ளத்தை ஒருபக்கம் கருநிழலும் மறுபக்கம் ஒளியும் வைத்து எழுதினேன். வகுப்பில் நூறு முறை கற்பித்த பாடம். "கொஞ்சம் பெரிசு. அவன் அவ்வளவு ஒசக்கத் தூக்கலை" என்று அம்மா திருத்தினார். இருவரும் சிரித்தோம். பிறகு ஒளிபுகும் பூச்சு பூசினோம். முதற்பூச்சு காய்ந்ததும் என் மனைவி ஈரக்காலோடு உள்ளே வந்து வழுக்கிவிட்டாள். கதவைப் பிடித்துக்கொண்டதால் விழவில்லை. முதியவர்கள் நடமாடும் அறையில் பளபளப்பைவிடப் பிடிமானமே முக்கியம் என்று மாணவர் கூறி, இறுதிப் பூச்சில் வழுக்காமல் இருப்பதற்கான நுண்ணிய மணற்பொடியைக் கலந்து பூசினார். பளபளப்புக் குறைந்தது. அதனால் இன்னும் மரம்போலவே ஆயிற்று.

ஒரு வாரம் முழுதாகக் காயவிட்டு, எட்டாம் நாள் காலையில் அம்மா உள்ளே சென்றார். விளக்கேற்றினார். பூச்சாத்தினார். கீழ்த்திசை மூலையில், மணைகூடப் போடாமல் அமர்ந்தார். நான் சமையலறையில் நின்றுகொண்டிருந்தேன். குறும்பலாப் பதிகம் கேட்டது. குரல் நடுங்கிற்று, இடையிடையே மூச்சு வாங்கிற்று. ஒரு பாடலும் விடுபடவில்லை.

அதற்குப்பின் மூன்றரை ஆண்டுகள் அம்மா அங்கே அமர்ந்து ஓதினார். தம் 89ஆம் வயதில், ஓர் ஆனி மாதத்தில், சாரல் தொடங்கிய நாள்களில் இறைவன் திருவடி சேர்ந்தார்.

மறு ஆண்டு ஆவுடையார்கோயிலுக்குச் சென்றேன். மாணிக்கவாசகப் பெருமான் அருள்பெற்ற திருப்பெருந்துறை அதுவே. அங்கே கருவறையில் இலிங்கத் திருமேனி இல்லை. ஆவுடை மட்டுமே உண்டு. நந்தி இல்லை, கொடிமரம் இல்லை. உருவம் இல்லாத இடத்தில் ஆத்மநாதரை உள்ளத்தால் கண்டு வணங்கவேண்டும். வணங்கிவிட்டு வெளியே வந்து மண்டபத்துக் கொடுங்கையை அண்ணாந்து பார்த்தேன். கருங்கல்லிலே மரச்சட்டங்கள், அவற்றின்மேல் குறுக்குச் சட்டங்கள், அவற்றை இணைக்கும் ஆணிகளின் தலைகள்கூடக் கல்லிலேயே செதுக்கப்பட்டிருக்கின்றன. மற்ற எதையும் செய்து தருகிறேன், ஆவுடையார்கோயில் கொடுங்கையைத் தவிர என்று சிற்பிகள் உடன்படிக்கை எழுதுவார்கள் என்பது செவிவழிச் செய்தி.

அந்தச் சிற்பி எவரை ஏமாற்றுவதற்காகக் கல்லை மரமாக்கினார்? ஒருவரையும் அன்று. நம் நாட்டில் கோயில்கள் முன்பு மரத்தாலும் செங்கல்லாலும் எழுந்தவை. ஏழாம் நூற்றாண்டில் மகேந்திரவர்ம பல்லவன் மண்டகப்பட்டில் குன்றைக் குடைந்து, செங்கல், மரம், உலோகம், சுதை ஆகிய எதுவும் இன்றி மும்மூர்த்திகளுக்குக் கோயில் சமைத்ததாகக் கல்வெட்டில் பொறித்தான். அதன்பின் கல் வந்தது. ஆயினும் மரத்தின் நினைவு போகவில்லை. மாமல்லபுரத்தில் திரௌபதி ரதத்தைப் பாருங்கள். பாறையிலே ஒரு கூரைக் குடிசை. முன்னோர் அமர்ந்து வழிபட்ட எளிய இடத்தை மறவாமல் கல்லிலே எழுதி வைத்திருக்கிறார்கள். நினைக்கதுக்கு எழுதினா அது பொய்யா என்று அம்மா கேட்டது அந்தக் கொடுங்கையின் கீழ் நிற்கையில் மறுபடி காதில் கேட்டது. நெடுநேரம் அங்கேயே நின்றிருந்தேன்.

எங்கள் தரை எழுதி இப்போது பல ஆண்டுகள் ஆகிவிட்டன. வீட்டு வேலைக்குப் புதிதாக வருகின்ற பெண்கள் மூன்றாம் பலகையில் உள்ள எண்ணெய்க் கறையைச் சோப்புப் போட்டுத் தேய்ப்பார்கள். "போகலையே ஐயா" என்பார்கள். "போகாதம்மா, விடு" என்பேன். கீழ்த்திசை மூலையில் அம்மா அமர்ந்த இடத்தில் மட்டும் பூச்சு தேய்ந்து, ரேகை தேய்ந்து, ஒரு கையகலத்துக்குச் சிமெண்ட் தெரிகிறது. மாணவர் வந்தபோது, "ஒரு மணி நேர வேலைதான் சார், சரிசெய்து தரட்டுமா?" என்றார். வேண்டாம் என்றேன்.

அன்பர்களே, இதைப் படிப்பவர்களில் பலர் என்னைப்போல் முதுமை எய்தியவர்கள். உங்கள் தாயோ தந்தையோ இன்னும் இருப்பாராயின் அது பெரும்பேறு. அவர்களிடம் மறைத்த சொல் ஏதேனும் உங்கள் நெஞ்சில் கிடக்குமானால், அவர்களுக்குக் காது கேட்கும்போதே சொல்லிவிடுங்கள். அவர்களுக்கு அது முன்பே தெரிந்திருக்கவும் கூடும். தெரிந்தும் கேளாமல் காத்திருப்பார்கள். பெற்றவர்கள் இல்லையெனில், பிள்ளைகளிடம் நாம் மறைத்தவை இருக்கும். அவற்றுக்கும் இதுவே வழி.

இன்றும் காலையில் நீராடி, அந்தத் தேய்ந்த இடத்துக்குப் பக்கத்தில் அமர்ந்து குறும்பலாப் பதிகத்தை ஓதுகிறேன். அம்மாவைப்போல் எனக்கு முழுவதும் மனப்பாடம் இல்லை. நூலைப் பார்த்துத்தான் ஓதுகிறேன். தரை சில்லென்றுதான் இருக்கிறது. சற்று நேரம் அமர்ந்திருந்தால் சூடு ஏறிவிடுகிறது.